பனி மட்டுமா காரணம்? நெப்போலியனின் 1812 ரஷ்யப் படையெடுப்பு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

"நெப்போலியன் ரஷ்யாவுக்குப் போனார், பனியில் மாட்டிக்கொண்டார், தோற்றார்." பள்ளிக்கூடத்தில் ஒரே வரியில் முடித்துவிட்ட கதை. அந்த ஒரு வரியில் பாதிதான் சரி. மீதிப் பாதிக்குத்தான் இந்தப் பக்கம்.

சுருக்கமாக, என்னதான் நடந்தது?

1812 ஜூன் 24 அன்று நெப்போலியனின் படை நீமன் ஆற்றைக் கடந்து ரஷ்யப் பேரரசுக்குள் நுழைந்தது. கடந்த இடம் கோவ்னோ ஊருக்குப் பக்கத்தில். இன்று அது லித்துவேனியாவில் கௌனாஸ். ரஷ்யர்கள் நின்று சண்டை போடாமல் பின்வாங்கிக்கொண்டே போனார்கள், இவரும் விடாமல் துரத்தினார். ஆகஸ்டில் ஸ்மோலென்ஸ்க், செப்டம்பர் 7 அன்று போரோடினோவில் பெரும் சண்டை, செப்டம்பர் 14 மாஸ்கோ. அன்று இரவே நகரம் பற்றிக்கொண்டது. ஜார் (ரஷ்யச் சக்கரவர்த்தி) சமாதானம் பேசுவார் என்று காத்திருந்து பார்த்துவிட்டு அக்டோபர் 19 அன்று நெப்போலியன் கிளம்பினார். டிசம்பர் நடுவில் மறுபடி நீமனைக் கடந்து வெளியே வந்ததைப் படை என்று சொல்ல முடியாது. கந்தல் சுற்றிய ஒரு கூட்டம்.

ஆற்றைக் கடப்பதற்கு முந்தின நாள் ஒரு சம்பவம். கரையைப் பார்வையிடப் போன நெப்போலியனின் குதிரைக் காலடியில் ஒரு முயல் பாய, குதிரை மிரண்டு, சக்கரவர்த்தி தரையில் விழுந்தார். பூனை குறுக்கே போனால் நம் ஊரில் ஒரு நிமிடம் நின்றுவிட்டுத்தான் போவார்கள்; அங்கேயும் அப்படித்தான் போலிருக்கிறது. படைத் தலைமை அதிகாரி பெர்த்தியே, பக்கத்தில் இருந்த, சக்கரவர்த்தியின் குதிரை லாயப் பொறுப்பாளர் கோலன்கூரின் கையைப் பிடித்து, இந்த ஆற்றைத் தாண்டாமல் இருந்தால் நல்லது என்று சொன்னாராம். கோலன்கூர் தன் நினைவுக் குறிப்புகளில் எழுதியிருக்கிறார். இந்தக் கோலன்கூர் பெயரை நினைவில் வையுங்கள், இன்னும் சில இடங்களில் வருவார்.

எத்தனை பேர் போனார்கள்? எல்லாரும் பிரெஞ்சுக்காரர்களா?

முதல் அலையில் ஏறக்குறைய 4.5 லட்சம். பின்னால் வந்து சேர்ந்தவர்களையும் கூட்டினால் 6 லட்சத்தைத் தாண்டும். ஐரோப்பா அதுவரை அப்படி ஒரு படையைப் பார்த்ததில்லை. இதில் ஏறக்குறைய பாதிப் பேர்தான் பிரெஞ்சுக்காரர்கள், அந்தப் பாதியிலும் பிரான்ஸோடு சேர்க்கப்பட்டிருந்த டச்சு, இத்தாலிய ஊர்க்காரர்கள் உண்டு. மீதி போலந்துக்காரர்கள், பவேரியா, சாக்சனி, வெஸ்ட்ஃபாலியா என்று பல ஜெர்மன் நாட்டவர்கள், இத்தாலியர்கள், சுவிஸ்காரர்கள், குரோவேஷியர்கள், கொஞ்சம் ஸ்பானியர்கள், போர்த்துகீசியர்கள். ஆஸ்திரியா 30,000 பேரைக் கொடுத்தது, பிரஷ்யா 20,000 பேரை. இரண்டுமே மனமில்லாமல் கொடுத்தவை. போலந்துக்காரர்களுக்கு மட்டும் இது சொந்தச் சண்டை, நாடு திரும்பக் கிடைக்கும் என்ற ஆசை.

இவர்களோடு ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட குதிரைகள். இந்த எண்ணைத் தாண்டிப் போய்விடாதீர்கள். என்னைக் கேட்டால் கதையே இதில்தான் இருக்கிறது.

நெப்போலியனும் ஜாரும் நண்பர்கள்தானே? எதற்குச் சண்டை?

1807-ல் தில்சித்தில், இதே நீமன் ஆற்றின் நடுவில் மிதவை கட்டி, இருவரும் கட்டித் தழுவிக்கொண்டவர்கள்தான். அங்கே போட்ட ஒப்பந்தத்தின்படி ரஷ்யா பிரிட்டனோடு வியாபாரம் செய்யக் கூடாது. பிரிட்டனைக் கடலில் வெல்ல முடியாததால், ஐரோப்பியத் துறைமுகங்களை எல்லாம் மூடி அதன் வியாபாரத்தைக் காய வைப்பது நெப்போலியனின் கணக்கு. ஆனால் ரஷ்யப் பிரபுக்களின் மரம், சணல், தானியம் எல்லாம் பிரிட்டனுக்குப் போய்த்தான் காசானது. ரூபிளின் மதிப்பு விழுந்தது. 1810 கடைசி நாளில் ஜார் அலெக்ஸாந்தர் ஓர் ஆணை போட்டார்: நடுநிலை நாட்டுக் கப்பல்கள் வரலாம், பிரெஞ்சு ஆடம்பரச் சரக்குக்கு வரி கூடுதல்.

அப்புறம் குடும்ப விவகாரங்களும் உண்டு. ஜாரின் தங்கையை நெப்போலியன் பெண் கேட்டு, பதில் இழுத்தடிக்கப்பட, அவர் ஆஸ்திரிய இளவரசியைக் கட்டிக்கொண்டார். ஜாரின் இன்னொரு சகோதரியைக் கொடுத்திருந்த ஓல்டன்பர்க் நாட்டைப் பிரான்ஸ் விழுங்கியது. போலந்தை மறுபடி முழு நாடாக்கிவிடுவாரோ என்ற பயம் ரஷ்யாவுக்குத் தீரவே இல்லை.

நெப்போலியனுக்கு ரஷ்யாவைப் பிடித்து வைத்துக்கொள்ளும் எண்ணம் இருக்கவில்லை. எல்லைக்குப் பக்கத்திலேயே ஒரு பெரிய சண்டையில் அடித்துப் போட்டு, சில வாரத்தில் ஜாரைப் பேச்சுவார்த்தை மேசைக்கு இழுத்து வர வேண்டும், அவ்வளவுதான் திட்டம்.

உண்மையில் இந்தியாவைப் பிடிக்கத்தான் கிளம்பினார் என்கிறார்களே?

கனவு இருந்தது, உண்மை. 1808 பிப்ரவரியில் ஜாருக்கு எழுதிய கடிதத்தில், நாம் சேர்ந்து 50,000 பேரை கான்ஸ்டான்டிநோபிள் வழியாக ஆசியாவுக்குள் அனுப்பினாலே இங்கிலாந்து நடுங்கும் என்று எழுதினார். புதுச்சேரியே 1803-லிருந்து 1816 வரை பிரிட்டிஷ்காரர்கள் கையில் இருந்தது என்பதையும் சேர்த்துப் பாருங்கள், எரிச்சல் புரியும். ஆனால் 1812 படையெடுப்பின் நோக்கம் அது இல்லை.

யாருமே எச்சரிக்கவில்லையா?

எச்சரித்தார்கள். 1807-லிருந்து 1811 வரை அன்றைய ரஷ்யத் தலைநகர் பீட்டர்ஸ்பர்கில் தூதராக இருந்த கோலன்கூர், ஊர் திரும்பியதும் மணிக்கணக்கில் உட்கார்ந்து சொல்லிப் பார்த்தார். தோற்றால்கூட ரஷ்யாவின் கிழக்கோடி கம்சாத்கா வரை பின்வாங்குவேனே தவிர தலைநகரில் உட்கார்ந்து கையெழுத்துப் போட மாட்டேன், எங்கள் தட்பவெப்பமும் குளிர்காலமும் எங்களுக்காகச் சண்டை போடும் என்று ஜாரே தன்னிடம் சொன்னதையும் சொன்னார். ஜார் உன்னை நன்றாக மயக்கிவிட்டார் என்பதுதான் நெப்போலியனின் பதில்.

சரி, பனிதானே தோற்கடித்தது?

பனி விழுவதற்கு முன்பே பெரும்பகுதி போய்விட்டது. வெயில் காலத்தில். ஜூலை, ஆகஸ்டில்.

குதிரையிலிருந்து தொடங்குவோம். வேலை செய்யும் குதிரை ஒன்றுக்கு ஒரு நாளைக்கு, ஓட்ஸும் வைக்கோலுமாக, சுமார் 9 கிலோ தீவனம் வேண்டும். ஒன்றரை லட்சம் குதிரை என்றால் தினம் 1,300 டன்னுக்கு மேல். இதை வண்டியில் ஏற்றிக்கொண்டு போக முடியாது, ஏனென்றால் அந்த வண்டியை இழுக்கும் குதிரையும் தின்னும். ஆகவே வழியில் வளர்ந்து நிற்கும் புல்லையும் பயிரையும் நம்பித்தான் போக வேண்டும். படையெடுப்பு ஜூன் கடைசி வரை தள்ளிப்போனதற்கே இதுதான் முக்கியக் காரணம். லித்துவேனியாவில் கம்புப்பயிர் இன்னும் பச்சையாக நின்றது (அங்கே விளையும் ரை தானியத்தைச் சொல்கிறேன், நம் கம்பு இல்லை). பசி தாங்காமல் அதை மேயவிட்டார்கள். பச்சைப் பயிர் தின்ற குதிரைக்கு வயிறு உப்பி, வலியில் உருண்டு செத்தது. அதன்மேல் ஜூன் 29 வாக்கில் இடி மின்னலோடு குளிர்ந்த மழை கொட்டியது. வில்னா (இன்றைய வில்னியூஸ்) நகரத்தைச் சுற்றியே 10,000 குதிரை வரை செத்துக் கிடந்ததாக அந்தக் காலத்தவர்களே எழுதினார்கள். எல்லை தாண்டி ஒரு வாரம்கூட ஆகவில்லை.

குதிரை போனால் என்ன, நடந்து போகலாமே என்று தோன்றும். குதிரை போனால் வண்டி நிற்கும், வண்டி நின்றால் ரொட்டி வராது, ரொட்டி வராவிட்டால் சிப்பாய் வரிசையை விட்டு ஊருக்குள் திருடப் போவான், போனவனில் பாதிப் பேர் திரும்ப மாட்டான். பீரங்கி பின்தங்கும். குதிரைப்படை இல்லாததால் எதிரி எங்கே இருக்கிறான் என்பதே தெரியாது. இது எல்லாமே நடந்தது, வரிசையாக.

இதோடு நோய். வயிற்றுப்போக்கு, பேன் வழியாகப் பரவும் டைஃபஸ் காய்ச்சல். கிணறுகள் நாறிப்போய், வண்டித்தடத்தில் தேங்கிய தண்ணீரைக் குடித்தார்கள். வீத்தெப்ஸ்க் போய்ச் சேர்ந்த ஜூலை கடைசிக்குள், ஒரு பெரிய சண்டைகூட நடக்காமலே, மையப் படையில் மூன்றில் ஒரு பங்கு காலி. குளிர் மீதியைக் கொன்றது, அதை மறுக்கவில்லை.

அவ்வளவு பெரிய தளபதி, சாப்பாட்டுக்கு ஏற்பாடு செய்யாமலா போனார்?

இதுதான் வேடிக்கை. வேறு எந்தப் போருக்கும் செய்யாத அளவுக்கு இதற்குச் செய்தார். டான்சிக், கேனிக்ஸ்பெர்க் ஊர்களில் மலைபோல் கிடங்குகள், தனிப் போக்குவரத்துப் படைப்பிரிவுகள், ஆயிரக்கணக்கான வண்டிகள். சில பிரிவுகளுக்கு மாட்டு வண்டி. சரக்கு தீர்ந்ததும் மாட்டை அடித்துத் தின்றுவிடலாம் என்ற யோசனை வேறு. ஒவ்வொருவரும் முதுகுப்பையில் சில நாள் ரொட்டி, மீதி வண்டியில் என்று 24 நாளுக்குக் கணக்கு.

கணக்கு சரி, சாலை தப்பு. கல் பாவிய மேற்கு ஐரோப்பியச் சாலைக்குச் செய்த கனமான வண்டிகள், மழை வந்தால் சேறு, வெயில் வந்தால் புழுதி என்றிருந்த லித்துவேனியப் பாதையில் அச்சு வரை இறங்கின. இத்தாலியிலும் ஜெர்மனியிலும் இவருடைய படை போகிற ஊரிலேயே எடுத்துத் தின்று பழகிய படை; நெருக்கமான ஊர்கள், நிறைந்த களஞ்சியங்கள். ரஷ்யாவில் ஓர் ஊருக்கும் அடுத்த ஊருக்கும் நடுவில் காடும் சதுப்பும்தான். இருந்த களஞ்சியத்தையும் பின்வாங்கிய ரஷ்யர்கள் எரித்துவிட்டுப் போனார்கள்.

ரஷ்யர்கள் திட்டம் போட்டுத்தான் உள்ளே இழுத்தார்களா?

பாதி பாதி. அவர்களிடம் இருந்த திட்டமே வேறு: ஃபூல் என்ற ஜெர்மன் தளபதியின் யோசனைப்படி திரீஸாவில் கோட்டை போல ஒரு முகாம் கட்டி அங்கே எதிர்கொள்வது. போய்ப் பார்த்தால் அது எலிப்பொறி. ஜூலையிலேயே கைவிட்டார்கள். எண்ணிக்கையில் குறைவு, படை இரண்டாகப் பிரிந்து கிடக்கிறது, பின்வாங்குவதைத் தவிர ரஷ்யத் தளபதி பார்க்ளே தெ தோலிக்கு வேறு வழி இல்லை. அவர் குடும்பம் ஸ்காட்லாந்து வழி வந்தது என்பதால், அந்நியன், துரோகி என்றுகூடச் சொன்னார்கள். இன்னொரு படையின் தளபதி பக்ரத்தியோன் அவரை வெளிப்படையாகவே திட்டினார். கடைசியில் ஆகஸ்டில் கிழவர் குதுசோவைத் தலைமைக்குக் கொண்டுவந்தார்கள். அவர் என்ன செய்தார்? பின்வாங்கினார். யாரும் திட்டவில்லை, ஏனென்றால் அவர் ரஷ்யர். பார்க்ளேவுக்குச் சேர வேண்டிய பாராட்டில் பெரும்பகுதி குதுசோவுக்குப் போய்விட்டது என்பது என் அபிப்பிராயம்.

போரோடினோவில் யார் ஜெயித்தது?

களம் நெப்போலியன் கையில், ரஷ்யப் படை உயிரோடு. ஒரே நாளில் இரு பக்கமும் சேர்த்து 70,000 பேருக்கு மேல் செத்தும் காயப்பட்டும் விழுந்தார்கள். பக்ரத்தியோன் காலில் பட்ட காயத்தால் பின்னர் இறந்தார். நெப்போலியனுக்கு அன்று சளி, காய்ச்சல், சிறுநீர்க் கோளாறு. கடைசி நேரத்தில் மெய்க்காவல் படையை இறக்கச் சொல்லித் தளபதிகள் கெஞ்சியும், பாரிஸிலிருந்து இவ்வளவு தூரத்தில் கையிருப்பைச் செலவழிக்க மாட்டேன் என்று இறக்கவில்லை. இறக்கியிருந்தால் போர் அன்றே முடிந்திருக்குமா என்று 200 வருடமாகப் பேசிக்கொண்டிருக்கிறார்கள்.

மாஸ்கோவுக்குத் தீ வைத்தது யார்?

ஆளுநர் ரஸ்தோப்சின் மேல்தான் எல்லா விரலும் நீளும். நகரத்தைக் காலி செய்யும்போது தீயணைப்புக் கருவிகளையும் கையோடு கொண்டுபோகச் சொன்னார். சரக்குக் கிடங்குகளை எரிக்கப் போலீஸ்காரர்களை விட்டுவைத்தார். கொஞ்ச நாளில் வொரோனோவோவில் இருந்த தன் மாளிகையைத் தானே எரித்துவிட்டு, பிரெஞ்சுக்காரர்களுக்கு ஒரு குறிப்பும் எழுதி வைத்துவிட்டுப் போனவர். அப்படிப்பட்டவர் 1823-ல் பாரிஸில் ஒரு சிறு நூல் போட்டு, மாஸ்கோவை நான் எரிக்கவில்லை என்றார்!

நகரத்தில் பெரும்பாலும் மர வீடுகள், பலமான காற்று, குடித்துவிட்டு வீட்டுக்கு வீடு அடுப்பு மூட்டிய சிப்பாய்கள், இதுவும் சேர்ந்துகொண்டது. நான்கு நாளில் மூன்றில் இரண்டு பங்கு சாம்பல். எரிகிற வீட்டில் பிடுங்கியது லாபம் என்று படை முழுக்கக் கொள்ளையில் இறங்கியது. ரோமம், வெள்ளிப் பாத்திரம், ஓவியம், சாராயம்.

எரிந்த ஊரில் 35 நாள் ஏன் உட்கார்ந்திருந்தார்?

தலைநகர் போல ஒரு நகரம் விழுந்தால் எதிரி பேச வருவான் என்பது அவர் பழகிய ஐரோப்பிய வழக்கம். ஜார் வாயே திறக்கவில்லை. அக்டோபர் 5 அன்று லோரிஸ்தோன் என்ற தளபதியைக் குதுசோவிடம் தூது அனுப்பினார்; குதுசோவ் மரியாதையாகப் பேசி, விஷயத்தை பீட்டர்ஸ்பர்குக்கு எழுதுகிறேன் என்றார். ஒவ்வொரு நாளும் குதுசோவுக்கு லாபம், அவருக்கு அது நன்றாகவே தெரியும்.

இதற்கு நடுவில் அக்டோபர் 15 அன்று, கிரெம்ளினில் உட்கார்ந்து, பாரிஸின் கொமெதி பிரான்சேஸ் நாடக நிறுவனத்தின் விதிமுறைகளில் கையெழுத்துப் போட்டார் நெப்போலியன். எல்லாம் என் கட்டுப்பாட்டில் என்று காட்டும் வேலை. வெயில் இதமாக இருந்தது, பாரிஸ் பக்கத்து எங்கள் ஃபோந்தேன்ப்ளோவை விட நன்றாக இருக்கிறதே என்று கோலன்கூரைக் கிண்டல் செய்தார். ஆட்களுக்கு நிலவறைகளில் சாப்பாடு கிடைத்தது. குதிரைக்கு இல்லை. வைக்கோல் தேடிப் போன கூட்டங்களைக் கொசாக்குகளும் (ரஷ்யப் படையின் குதிரைவீரர்கள்) விவசாயிகளும் மடக்கினார்கள்.

வந்த வழியிலேயே ஏன் திரும்பினார்? அது மொட்டையாகத்தானே கிடந்தது?

தெற்கே கலூகா பக்கம் போய், சண்டை தொடாத ஊர்கள் வழியாகத் திரும்பத்தான் கிளம்பினார். அக்டோபர் 24 அன்று மலோயாரோஸ்லாவெட்ஸ் ஊரில் ரஷ்யர்கள் குறுக்கே நின்றார்கள். ஊர் பல தடவை கை மாறி, கடைசியில் பிரெஞ்சுப் பக்கம் வந்தது. ஆனால் மறுநாள் காலை களம் பார்க்கப் போன நெப்போலியனைக் கொசாக்குகள் ஏறக்குறையப் பிடித்தேவிட்டார்கள். அதற்கப்புறம் விஷப் பொட்டலம் ஒன்றைக் கூடவே வைத்துக்கொண்டார். 1814-ல் குடித்தும் பார்த்தார், வேலை செய்யவில்லை. இன்னொரு பெரிய சண்டைக்குத் துணிவில்லாமல், வந்த பாதைக்கே திரும்பினார்கள். ஏழு வாரத்துக்கு முன் சண்டை போட்ட போரோடினோ வழியாக நடந்தபோது, பிணங்கள் புதைக்கப்படாமல் அப்படியே கிடந்தன.

நவம்பர் தொடக்கத்தில் பனி விழுந்தது. இப்போது லாடம். உறைந்த சாலையில் குதிரை வழுக்காமல் இருக்க லாடத்தில் கூர்முனை ஆணி அடிக்க வேண்டும். ரஷ்யக் குளிரைப் பார்த்திருந்த கோலன்கூர்தான் சக்கரவர்த்தியின் குதிரை லாயத்துக்குப் பொறுப்பு என்பதால் அந்தக் குதிரைகளுக்கு மட்டும் ஆணி இருந்தது. மற்ற குதிரைகள் ஒவ்வொரு மேட்டிலும் சறுக்கி விழுந்தன. விழுந்தது எழுவதற்குள் கத்தியோடு ஆட்கள் வந்தார்கள். உப்பு கிடையாது, துப்பாக்கி மருந்தைத் தூவிச் சுட்டுத் தின்றார்கள்.

பெரெசினாவில் நடந்தது என்ன?

இங்கே குளிர் போதாமல் போனதுதான் ஆபத்து. உறைந்திருந்த பெரெசினா ஆறு இளகிவிட்டது, கடக்க முடியாது. போரிசோவ் பாலத்தை ரஷ்யர்கள் எரித்துவிட்டார்கள். தன் மிதவைப் பாலச் சாமான்களைச் சில நாள் முன்புதான், சுமை குறையட்டும் என்று, நெப்போலியன் எரிக்கச் சொல்லியிருந்தார். ஆனால் பொறியாளர் தளபதி எப்லே, இரண்டு உலைக்களங்களையும் கரி வண்டிகளையும் கருவிப்பெட்டிகளையும் எரிக்காமல் வைத்திருந்தார்.

ஸ்தூதியங்கா என்ற கிராமத்து வீடுகளைப் பிரித்து மரம் எடுத்தார்கள். தெற்கே பாலம் கட்டுவதுபோல் பாசாங்கு செய்து ரஷ்யத் தளபதி சிச்சகோவை ஏமாற்றினார்கள். நவம்பர் 26 அன்று, பெரும்பாலும் டச்சுக்காரர்களான சுமார் 400 பேர் பனிக்கட்டி மிதக்கும் தண்ணீரில் மார்பளவு நின்று இரண்டு பாலம் கட்டினார்கள். மதியம் ஒன்று தயார், மாலை இன்னொன்று. உடைந்தபோதெல்லாம் மறுபடி இறங்கினார்கள். அதில் பிழைத்தவர்கள் மிகச் சிலர். எப்லேவும் டிசம்பர் 31 அன்று கேனிக்ஸ்பெர்கில் இறந்தார்.

மனதை உறுத்துவது 27-ம் தேதி இரவு. பாலம் காலியாக இருந்தது. அணிவகுப்பை விட்டு விலகியவர்கள், பெண்கள், வேலைக்காரர்கள் என ஆயிரக்கணக்கானவர்கள் கரையில் தீ மூட்டி உட்கார்ந்திருந்தார்கள். போங்கள் என்றாலும் எழவில்லை. மறுநாள் ரஷ்யக் குண்டு விழத் தொடங்கியதும் எல்லாரும் ஒரேயடியாகப் பாலத்துக்கு ஓடி, மிதிபட்டும் ஆற்றில் விழுந்தும் செத்தார்கள். 29 காலை எப்லே பாலத்துக்குத் தீ வைத்தபோது இன்னும் பல ஆயிரம் பேர் அந்தப் பக்கம் நின்றார்கள். பெரும் நாசம் என்பதற்கு இன்றும் பிரெஞ்சில் "பெரெசினா" என்றே சொல்வார்கள், படையின் எஞ்சிய பகுதி அங்கேதான் தப்பித்தது என்றாலும்.

குளிரில் பொத்தான்கள் பொடியாகிவிட்டன என்பது உண்மையா?

நல்ல கதை, அவ்வளவுதான். சுத்த வெள்ளீயம் குளிரில் மெல்ல மெல்லச் சாம்பல் நிறப் பொடியாகும் என்பது வேதியியல் உண்மை. ஆனால் அதற்கு நீண்ட காலம் பிடிக்கும், கொஞ்சம் வேறு உலோகம் கலந்தாலே நின்றுவிடும். 2001-ல் வில்னியூஸில் கிடைத்த புதைகுழியில் எந்தெந்த ரெஜிமென்ட் ஆட்கள் என்று கண்டுபிடிக்கவே சீருடைப் பொத்தான்கள்தான் உதவின.

படையை விட்டுவிட்டு நெப்போலியன் ஓடிவிட்டாரா?

டிசம்பர் 5 அன்று ஸ்மோர்கோனில் தலைமையை மைத்துனர் முராவிடம் கொடுத்துவிட்டு, கோலன்கூரோடு வேறு பெயரில் கிளம்பினார்; 18-ம் தேதி நள்ளிரவு வாக்கில் பாரிஸ். ஓட்டம்தான், ஆனால் காரணம் இருந்தது. அக்டோபரில் மாலே என்ற தளபதி, நெப்போலியன் ரஷ்யாவில் செத்துவிட்டார் என்று பொய் சொல்லி பாரிஸில் ஆட்சியைப் பிடிக்கப் பார்த்து, சில மணி நேரம் பலித்தும்விட்டது. வாரிசான தன் மகன் பெயரை ஒருவரும் நினைக்கவே இல்லை என்பதுதான் நெப்போலியனுக்கு வலித்தது. கிளம்பும் முன் எழுதிய, படையின் 29-வது செய்தி அறிக்கையில் அழிவை ஏறக்குறைய ஒப்புக்கொண்டு, கடைசி வரியில் சக்கரவர்த்தியின் உடல்நலம் முன்னெப்போதையும் விட நன்றாக இருக்கிறது என்று முடித்தார். பிள்ளையை அனுப்பிவிட்டுக் காத்திருந்த வீடுகளில் இதைப் படித்திருப்பார்கள்.

கடைசியில் எத்தனை பேர் திரும்பினார்கள்?

கணக்குக்குக் கணக்கு மாறும். செத்தவர்கள், பிடிபட்டவர்கள், ஓடிப்போனவர்கள் என்று 4 லட்சம் பேர் போனார்கள் என்றால் தப்பில்லை. ரஷ்யர்களும் அதே சாலையில்தான் நடந்தார்கள். ஏறக்குறைய ஒரு லட்சம் பேரோடு துரத்தக் கிளம்பிய குதுசோவிடம், வில்னா வந்தபோது 30,000 பேர்கூட இல்லை. டிசம்பர் 30 அன்று பிரஷ்யத் தளபதி யோர்க் ரஷ்யர்களோடு தனியாக ஒப்பந்தம் போட, நெப்போலியனின் கூட்டணி உடையத் தொடங்கியது.

எண்ணிக்கையைக் கண்ணால் பார்க்க வேண்டுமானால் மினார் என்ற ஓய்வுபெற்ற பொறியாளர் 1869-ல் போட்ட வரைபடத்தைத் தேடிப் பாருங்கள். ஒரு மில்லிமீட்டர் அகலம் 10,000 பேர். நீமன் கரையில் 4,22,000 பேரோடு தொடங்கும் பட்டை நான்கு சென்டிமீட்டருக்கு மேல் அகலம். மாஸ்கோவில் ஒரு சென்டிமீட்டர். திரும்ப நீமனுக்கு வரும்போது ஒரே ஒரு மில்லிமீட்டர் கறுப்புக் கோடு. கீழே வெப்பநிலையும் போட்டிருப்பார், டிசம்பர் 6-க்கு ரெயோமூர் என்ற பழைய வெப்ப அளவில் மைனஸ் 30, அதாவது செல்சியஸில் மைனஸ் 37-க்கும் கீழே. ஆனால் விரலை அந்தப் பட்டையின் மேல் வைத்து இடமிருந்து வலமாக நகர்த்திப் பாருங்கள். பக்கப் படைகளாகப் பிரிந்து போனவர்களைக் கழித்தாலும், அது மெலிவது போகும் வழியில்தான்.

ஒரு புத்தகத்தில் போரோடினோ சண்டை ஆகஸ்ட் 26 என்று இருக்கிறதே?

ரஷ்யா அப்போது ஜூலியன் நாட்காட்டியில் இருந்தது, 12 நாள் பின்னால். இந்தப் பக்கத்தில் இருப்பதெல்லாம் நாம் இன்று பயன்படுத்தும் நாட்காட்டித் தேதிகள்.